அத்தியாயம் 6: சிலிண்டர் தீர்ந்த காலை

சிலிண்டர் தீர்வதற்கென்று ஒரு நேரம் உண்டு. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சாவகாசமாக உட்கார்ந்திருக்கும்போது தீராது. குக்கரில் இரண்டாவது விசில் வரவேண்டிய நேரத்தில், வாசலில் ஸ்கூல் வேன் ஹாரன் அடிக்கும்போதுதான் தீரும். உடனே அடுப்படியிலிருந்து ஒரு குரல் கிளம்பும்: "அவர் குளிச்சிட்டு வரட்டும், மாத்தித் தருவார்."

அந்த ஒரு வாக்கியத்தை வீட்டைவிட்டு அனுப்பத்தான் இந்த அத்தியாயம். நிறைய வீடுகளில் சிலிண்டர் மாற்றத் தெரிந்தவர் ஒரே ஒருவர். அவர் ஊரில் இல்லாத நாளில் எதிர்வீட்டுத் தம்பியைக் கூப்பிட வேண்டியிருக்கும். மாற்றத் தெரியாமல் இருப்பதுகூடப் பெரிய குறை இல்லை. மாற்றத் தெரியாதவருக்குப் பெரும்பாலும் மூடவும் தெரியாது, அதுதான் ஆபத்து. கேஸ் நாற்றம் அடிக்கும் நேரத்தில் வீட்டில் இருப்பது பாட்டியும் ஏழாம் வகுப்புப் பேத்தியும் மட்டும் என்றால், ரெகுலேட்டரை எந்தப் பக்கம் திருப்புவது என்று அந்த இரண்டு பேருக்கும் தெரிந்திருக்க வேண்டும்.

எனவே இதைப் படித்துவிட்டு மூடி வைக்காதீர்கள். அடுத்த சிலிண்டரை நீங்களே மாற்றுங்கள். அதற்கடுத்ததை வீட்டில் இன்னொருவர் மாற்றட்டும், நீங்கள் கையைக் கட்டிக்கொண்டு பக்கத்தில் நில்லுங்கள்.

இவ்வளவு தெரிந்தால் போதும்

வீட்டு சிலிண்டரில் 14.2 கிலோ எரிவாயு திரவமாக அடைக்கப்பட்டிருக்கிறது. புரொபேனும் பியூட்டேனும் கலந்த அந்த வாயுவுக்குச் சொந்தமாக நாற்றம் கிடையாது. கசிந்தால் மூக்குக்குத் தெரியட்டும் என்றுதான் எத்தில் மெர்காப்டன் என்ற பொருளைச் சேர்க்கிறார்கள். நாம் 'கேஸ் நாத்தம்' என்று சொல்வது அதைத்தான்.

இன்னொரு விஷயம், இந்த வாயு காற்றைவிடக் கனமானது. சாம்பிராணிப் புகை மாதிரி மேலே போகாது; கொட்டிய தண்ணீர் மாதிரி தரையோடு பரவி, மேடைக்கடியிலும் தண்ணீர் போகும் துளையிலும் தேங்கும். பின்னால் சொல்லப்போகும் பல விதிகளுக்கு இதுதான் காரணம்.

சிலிண்டர் வாசலுக்கு வந்ததும்

கொண்டுவருபவர் அவசரத்தில் இருப்பார். 30 கிலோவைத் தோளில் வைத்து மூன்று மாடி ஏறி வந்தவரிடம் கறாராகப் பேச நமக்கும் மனம் வராது. ஒரு சொம்பு தண்ணீர் கொடுங்கள். அவர் குடித்து முடிப்பதற்குள் இவற்றைப் பார்த்துவிடலாம்.

1. சீல். வால்வின் மேல் உள்ள பிளாஸ்டிக் சீல் கிழியாமல் இருக்கிறதா?

2. தேதி. மேலே உள்ள பிடிவளையத்தைத் தாங்கும் தகடுகளில் ஒன்றின் உட்பக்கம் ஓர் ஆங்கில எழுத்தும் இரண்டு இலக்கமும் இருக்கும். ஏ என்றால் ஜனவரி முதல் மார்ச், பி ஏப்ரல் முதல் ஜூன், சி ஜூலை முதல் செப்டம்பர், டி அக்டோபர் முதல் டிசம்பர். 'பி 28' என்றிருந்தால் 2028 ஜூன் முடிவதற்குள் அந்த சிலிண்டரை மறுசோதனைக்கு அனுப்ப வேண்டும் என்று பொருள். காலம் தாண்டிய சிலிண்டரை வாங்காதீர்கள். இது கேஸ் கெட்டுப்போகும் தேதி அல்ல, இரும்புக்கூட்டைச் சோதிக்க வேண்டிய கெடு.

3. எடை. காலி சிலிண்டரின் எடையும் அதன்மேல் எழுதியிருக்கும். அதோடு 14.2-ஐக் கூட்டுங்கள். 15.3 என்று இருந்தால் மொத்தம் 29.5 கிலோ வர வேண்டும். எடை போட்டுக் காட்டச் சொல்லிக் கேட்பது உங்கள் உரிமை, கூச்சப்படத் தேவையில்லை.

4. வால்வு. "அண்ணே, மூடியைத் திறந்து ஒரு தடவை செக் பண்ணிடுங்க" என்று கேளுங்கள். வால்வுக் குழியில் சில சொட்டுத் தண்ணீர் விட்டால் கசிவு இருக்கும் வால்வில் குமிழி கிளம்பும். உள்ளே கறுப்பு ரப்பர் வாஷர் இருக்கிறதா என்பதையும் அப்போதே பார்க்கச் சொல்லுங்கள். அது இல்லாத சிலிண்டரில் ரெகுலேட்டரை மாட்டியதும் 'உஸ்' என்று கசியும். ராத்திரி பத்து மணிக்கு அதைக் கண்டுபிடிப்பதைவிட அவர் வாசலில் நிற்கும்போதே கண்டுபிடிப்பது மேல்.

5. மொபைலுக்கு வந்த ஓடிபி-யை இவ்வளவும் முடிந்த பிறகு சொல்லுங்கள்.

எங்கே நிறுத்துவது

எப்போதும் நேராக, தரைமட்டத்தில். பள்ளத்திலோ மூடிய பரணிலோ கூடாது. அடுப்பு மேடைமேல், சிலிண்டர் கீழே, இதுதான் சரியான அமைப்பு. மாடுலர் கிச்சனில் கதவு போட்ட பெட்டிக்குள் வைத்திருந்தால் அந்தக் கதவின் அடியில் காற்றுத் துளைகள் கட்டாயம் வேண்டும். மேலே மட்டும் துளை போட்டுப் பயனில்லை. இரண்டு சிலிண்டர் இணைப்பு உள்ளவர்கள் மற்றதை மூடி போட்டு, காற்றோட்டமான இடத்தில் தனியாக நிறுத்துங்கள். கட்டிலடி வேண்டாம்.

பழைய புடவையில் சிலிண்டருக்குப் பாவாடை தைத்துப் போடும் வழக்கம் நம் வீடுகளில் உண்டு. பார்க்க அழகுதான். ஆனால் துணி, தீ பிடிக்கிற பொருள். அவசரத்தில் ரெகுலேட்டரையும் மறைக்கும். சிலிண்டருக்கு மானம் போகாது, கழற்றிவிடுங்கள்.

மாற்றும் வரிசை

வரிசையை மாற்றாதீர்கள். முதல் படியைத் தாண்டிப் போவதால்தான் நிறையத் தவறு நடக்கிறது.

1. அடுப்பின் எல்லாக் குமிழையும் மூடுங்கள். கேஸ் தீர்ந்து அடுப்பு தானாக அணைந்தால் குமிழ் திறந்தபடியே இருக்கும். சாம்பார் கொதித்துக்கொண்டிருந்த அடுப்பு அது, யாரும் மூடியிருக்க மாட்டார்கள். அப்படியே புது சிலிண்டரைப் போட்டு ஆன் செய்தால் கேஸ் சத்தமில்லாமல் வெளியே வரும். ஒவ்வொரு குமிழையும் கையால் தொட்டுப் பாருங்கள், கண்ணால் பார்த்தது போதாது.

2. வீட்டில் எரிகிற எல்லாவற்றையும் அணையுங்கள். பூஜை அலமாரி அடுப்படியிலேயே இருந்தால் விளக்கைக் குளிர வையுங்கள். ஊதுபத்தி, கொசுவத்திச் சுருள், இஸ்திரிப்பெட்டி எதுவும் வேண்டாம். கற்பூரம் காட்டிக்கொண்டிருந்தால் ஐந்து நிமிடம் பொறுங்கள், சாமி கோபித்துக்கொள்ள மாட்டார்.

3. ஜன்னலையும் பின்கதவையும் திறந்து வையுங்கள்.

4. பழைய சிலிண்டரின் ரெகுலேட்டரை ஆஃப் நிலைக்குத் திருப்புங்கள்.

5. ரெகுலேட்டரின் அடியில் உள்ள கறுப்பு வளையத்தை மேலே இழுத்துப் பிடித்தபடி, மெல்லத் திருகி ரெகுலேட்டரை நேராகத் தூக்குங்கள். ட்யூபைப் பிடித்து இழுக்காதீர்கள்.

6. பழைய சிலிண்டருக்கு உடனே மூடி போடுங்கள். காலி என்று நாம் சொல்வதில் கொஞ்சம் கேஸ் இருக்கத்தான் செய்யும்.

7. புது சிலிண்டரைக் கொண்டுவாருங்கள். படுக்க வைத்து உருட்டுவதும் தரையில் இழுப்பதும் கூடாது. இருவர் சேர்ந்து தூக்கலாம், அல்லது சக்கரம் வைத்த ஸ்டாண்டில் நகர்த்தலாம். முதுகுவலிக்காரர்களும் கர்ப்பிணிகளும் இந்த ஒரு படியை மட்டும் பிறரிடம் விடுங்கள். புது சிலிண்டர் வந்த அன்றே அதைப் பழையதன் பக்கத்துக்குக் கொண்டுவரச் சொல்லிவிட்டால் இந்தத் தொல்லையே இல்லை.

8. மூடியைக் கட்டைவிரலால் அழுத்தி, அதில் கட்டியிருக்கும் நைலான் கயிற்றை இழுத்தபடி மேலே தூக்குங்கள். கயிற்றை அறுக்காதீர்கள். கசிவு நேரத்தில் அந்த மூடிதான் முதல் ஆயுதம். அறுத்தெறிந்த மூடி தேடும்போது கிடைக்காது.

9. வால்வுக் குழிக்குள் வாஷர் இருக்கிறதா, தூசி இல்லையா என்று பாருங்கள். விரல், குச்சி, ஊக்கு எதையும் உள்ளே விட வேண்டாம். 'உஸ்' சத்தமோ நாற்றமோ வந்தால் மூடியைத் திரும்பப் போட்டு ஏஜென்சியைக் கூப்பிடுங்கள்.

10. ரெகுலேட்டர் ஆஃப் நிலையிலேயே இருக்கட்டும். கறுப்பு வளையத்தை மேலே இழுத்துப் பிடித்து, வால்வின்மேல் நேராக வைத்து, லேசாகத் திருகியபடி கீழே அழுத்துங்கள். அடிவரை உட்கார்ந்ததும் வளையத்தை விடுங்கள். 'க்ளிக்' என்று பூட்டிக்கொள்ளும். ஒருமுறை மேலே இழுத்துப் பாருங்கள். கையோடு வந்தால் சரியாக மாட்டவில்லை.

11. ஆன் செய்துவிட்டு, சோப்பு நுரையைச் சிறு பிரஷால் மூன்று இடங்களில் தடவுங்கள்: வால்வும் ரெகுலேட்டரும் சேரும் இடம், ரெகுலேட்டரும் ட்யூபும் சேரும் இடம், ட்யூபும் அடுப்பும் சேரும் இடம். நுரை அப்படியே இருந்தால் நல்லது. குமிழி பெரிதாகிக்கொண்டே போனால் கசிவு. ஆஃப் செய்து, ரெகுலேட்டரைக் கழற்றி, மூடி போட்டுவிடுங்கள்.

12. அடுப்பைப் பற்றவையுங்கள். தீக்குச்சி என்றால் முதலில் நெருப்பு, பிறகு குமிழ். லைட்டரை இரண்டு மூன்று தடவை அடித்தும் பற்றவில்லையா? குமிழை மூடிவிட்டு, வந்த கேஸ் கலையும்வரை காத்திருங்கள். திறந்து வைத்துக்கொண்டு லைட்டரைத் தேடினால் புருவம் கருகும். ட்யூபில் காற்று இருப்பதால் முதல் முறை பற்றக் கொஞ்சம் தாமதமாவது சகஜம்.

13. இன்றைய தேதியைக் காலண்டரில் எழுதுங்கள். தினசரி கிழிக்கும் காலண்டரில் எழுதினால் மறுநாள் குப்பைக்குப் போய்விடும். பால் கணக்கு எழுதுகிற மாதக் காலண்டரில் எழுதுங்கள். நான்கு சிலிண்டர் எழுதியதும் உங்கள் வீட்டுக்கு ஒன்று எத்தனை நாள் வருகிறது என்று தெரிந்துவிடும். புக் செய்வதற்கான நாளை அதுவே சொல்லும்.

குறிப்பு: எவ்வளவு மிச்சம் இருக்கிறது என்று பார்க்க சிலிண்டரைத் தட்டிப் பார்ப்பவர்கள் உண்டு. ஈரத்துணியால் மேலிருந்து கீழாக ஒரு பட்டை துடைத்துவிட்டு ஒரு நிமிடம் பாருங்கள். மேல்பகுதி சீக்கிரம் காயும், திரவம் இருக்கும் கீழ்ப்பகுதியில் ஈரம் நிற்கும். அந்தக் கோடுதான் அளவு.

வழக்கமான தவறுகள்

எங்கள் பெரியம்மா ஒவ்வொரு முறையும் சிலிண்டர் மாற்றியதும் தீக்குச்சி கிழித்து ரெகுலேட்டரைச் சுற்றிக் காட்டுவார், ஆரத்தி எடுப்பது மாதிரி. "பத்திக்கலைன்னா கசியலைன்னு அர்த்தம்டா" என்பார். பற்றிக்கொண்டால் என்ன செய்வீர்கள் பெரியம்மா என்று கேட்க அப்போது எனக்கு வயது போதவில்லை. அவருக்கு எதுவும் ஆகவில்லை என்பதால் அது நல்ல முறை ஆகிவிடாது.

கசியும் இடத்தில் சோப்புக் கட்டியை அப்பி அடைப்பது இன்னொன்று. சோப்பு, கசிவைக் கண்டுபிடிக்க, அடைக்க அல்ல. காய்ந்ததும் விழுந்துவிடும்.

கடைசி சொட்டையும் விடக்கூடாது என்று சிலிண்டரைப் படுக்க வைப்பதும், வெந்நீரில் நிறுத்துவதும் நடக்கிறது. படுக்க வைத்தால் வாயு வரவேண்டிய வழியில் திரவமே வந்து, அடுப்பில் சுவாலை திடீரென்று எழும்பும். மிச்சம் பிடிப்பதற்கு வேறு வழிகள் இருக்கின்றன: குக்கரில் அடுக்குப் பாத்திரம், பருப்பை முன்னாலேயே ஊறவைப்பது, பாத்திரத்துக்கு மூடி. பெரிய சிலிண்டரிலிருந்து சிறியதற்குக் கேஸ் மாற்றுவது சட்டவிரோதம், உயிருக்கும் ஆபத்து. அதைப் பற்றி வேறு பேச்சே வேண்டாம்.

நாற்றம் வந்தால்

மெதுவாகப் படியுங்கள். வீட்டாருக்கு வாய்விட்டுப் படித்துக் காட்டினாலும் நல்லது.

1. எந்த ஸ்விட்சையும் தொடாதீர்கள். இருட்டில் நாற்றம் அடித்தால் கை தானாக லைட் ஸ்விட்சுக்குப் போகும். போடும்போதும் அணைக்கும்போதும் ஸ்விட்சுக்குள் பொறி வரும், அதுவே போதும் பற்றிக்கொள்ள. எரிகிற லைட் எரியட்டும், ஓடுகிற ஃபேன் ஓடட்டும். எக்ஸாஸ்ட் ஃபேனையும் போட வேண்டாம். ஃப்ரிட்ஜ் பிளக்கைப் பிடுங்கவும் வேண்டாம்.

2. எரியும் விளக்கு, ஊதுபத்தி இருந்தால் அணையுங்கள்.

3. ரெகுலேட்டரை ஆஃப் செய்யுங்கள், அடுப்பின் குமிழ்களையும் மூடுங்கள்.

4. கதவுகளையும் ஜன்னல்களையும் திறங்கள். கேஸ் தரையோடு தவழும் என்பதால் ஜன்னலைவிடக் கதவு முக்கியம்.

5. ரெகுலேட்டரை மூடியும் 'உஸ்' சத்தம் நிற்கவில்லையா? முடிந்தால் அதைக் கழற்றி, சிலிண்டருக்கு மூடி போடுங்கள். பயமாக இருந்தால் விட்டுவிட்டு வெளியேறுங்கள்.

6. எல்லோரையும் வெளியே கூட்டிப் போங்கள். அடுக்குமாடி என்றால் லிஃப்ட் வேண்டாம், படியில் இறங்குங்கள். வாசல்கதவு திறந்தே இருக்கட்டும். ஒருவர் வெளியே நின்று, வருகிறவர்கள் காலிங் பெல்லை அழுத்தாமல் பார்த்துக்கொள்ளட்டும். அழுத்துவதும் ஸ்விட்ச்தானே.

7. மெயின் ஸ்விட்ச் வீட்டுக்கு வெளியே, நாற்றம் எட்டாத இடத்தில் இருந்தால் அணைக்கலாம். உள்ளே இருந்தால் தொட வேண்டாம்.

8. வெளியே தள்ளி வந்த பிறகுதான் போன். எரிவாயுக் கசிவுக்கான அவசர எண் 1906, இருபத்து நான்கு மணி நேரமும் உண்டு.

நாற்றம் போய்விட்டது என்று உடனே உள்ளே போய்க் காபி போடாதீர்கள். மேடைக்கடியில் தேங்கியது கலைய நேரம் பிடிக்கும். கசிந்த இடத்தைச் சரிசெய்யாமல் அடுப்பைப் பற்றவைக்கவே கூடாது.

தீப்பிடித்தால்

வாணலி எண்ணெய் பற்றிக்கொண்டால் தண்ணீர் ஊற்றாதீர்கள், தீ எகிறும். அடுப்பை அணைத்து, பெரிய மூடியால் மூடிவிட்டுத் தள்ளி நில்லுங்கள். ட்யூபில் சிறு தீ என்றால், கை எட்டும் பட்சத்தில் ரெகுலேட்டரை மூடுங்கள். எட்டாவிட்டால் வீரம் காட்ட வேண்டாம். எல்லோரும் வெளியே வந்து 101 அல்லது 112-க்குக் கூப்பிடுங்கள். உடையில் பற்றினால் ஓடக்கூடாது, தரையில் படுத்து உருள வேண்டும். அடுப்படிக்குப் பருத்தி உடைதான் ஏற்றது. நைலான் நைட்டியும் தொங்கும் துப்பட்டாவும் வேண்டாம்.

தினமும் கவனிக்க வேண்டியது பால்

வீட்டில் கேஸ் வெளியேறுவதற்கு ட்யூப் கிழிய வேண்டியதில்லை. பாலை வைத்துவிட்டு வாசலில் கோலம் போடப் போனால் போதும். பால் பொங்கி வழிந்து தீயை அணைத்துவிடும், கேஸ் மட்டும் வந்துகொண்டே இருக்கும். நம் அடுப்புகள் பலவற்றில் தீ அணைந்தால் கேஸை நிறுத்தும் வசதி இல்லை. எனவே பால் வைத்தவர் அடுப்படியைவிட்டு நகரக்கூடாது. நகர்ந்தே ஆகவேண்டும் என்றால் அணைத்துவிட்டுப் போங்கள்.

ராத்திரி கடைசிப் பாத்திரம் கழுவியதும் ரெகுலேட்டரை ஆஃப் செய்யுங்கள். ஊருக்குப் போனால் சொல்லவே வேண்டாம்.

பொங்கிய பால் பர்னர் துளைகளையும் அடைக்கும். தீ நீலமாக இல்லாமல் மஞ்சளாக எரிந்து பாத்திரத்தில் கரி பிடித்தால், ஆறிய பர்னரைக் கழற்றித் தேய்த்துக் கழுவி, நன்றாகக் காயவைத்து மாட்டுங்கள்.

ட்யூப்

எண்ணெய் நிறுவனங்களின் ஏஜென்சியில் கிடைக்கும் ஆரஞ்சு நிறச் சுரக்ஷா ட்யூபில் உள்ளே கம்பிப் பின்னல் இருக்கும், எலி கடித்தாலும் எளிதில் அறுபடாது. அதையும் 5 ஆண்டுக்கு ஒருமுறை மாற்ற வேண்டும். தயாரித்த ஆண்டு ட்யூபின் மேலேயே அச்சாகியிருக்கும். மாதம் ஒருமுறை மெல்ல வளைத்துப் பாருங்கள். வெடிப்பு தெரிந்தால் 5 ஆண்டு ஆகட்டும் என்று காத்திருக்காதீர்கள். ட்யூபைத் துணியாலோ பிளாஸ்டிக் உறையாலோ மூடினால் வெடிப்பு கண்ணுக்குத் தெரியாது. அடுப்புக்குப் பின்னால் சூடு படும்படி போவதும், இரண்டு ட்யூபை ஒட்டுப்போட்டு நீளமாக்குவதும் கூடாது.

யாருக்கு எதைச் சொல்லிக்கொடுப்பது

சின்னப் பிள்ளைகளுக்கு ஒன்றே ஒன்று: நாற்றம் வந்தால் சத்தமாகச் சொல்லிவிட்டு வெளியே ஓட வேண்டும், லைட் போடக்கூடாது. பத்துப் பன்னிரண்டு வயதுக்கு மேல் ரெகுலேட்டரை மூடக் கற்றுக்கொடுக்கலாம். வீட்டு வேலைக்கு வரும் அக்காவுக்கும் கட்டாயம் சொல்லுங்கள். பல வீடுகளில் அடுப்பை அதிக நேரம் தொடுபவர் அவர்தான்.

பெரியவர்களிடம் சொல்வதற்குத்தான் கொஞ்சம் சாமர்த்தியம் வேண்டும். "எனக்குத் தெரியாதா, உங்கப்பனுக்கே நான்தான் பால் காய்ச்சிக் கொடுத்தேன்" என்று பாட்டி முறுக்கிக்கொள்வார். "பாட்டி, இந்தக் குமிழ் உங்க கைக்கு டைட்டா இருக்கான்னு பாருங்களேன்" என்று ஆரம்பித்தால் திருப்பிக் காட்டிவிடுவார். உண்மையிலேயே டைட்டாக இருந்தால் அதுவும் அன்றைக்கே தெரிந்துவிடும். ஏஜென்சியில் சொல்லி ரெகுலேட்டரை மாற்றிக்கொள்ளலாம். வயதாகும்போது மூக்கின் கூர்மை குறையும், சளி பிடித்தால் இன்னும் மோசம். பெரியவர்கள் தனியாக இருக்கும் வீட்டில் கேஸ் அலாரம் ஒன்று மாட்டுவது நல்லது. அதை உத்தரத்துக்குப் பக்கத்தில் மாட்டிவிட்டுப் போகிறவர்கள் உண்டு. தரையிலிருந்து ஓரடி உயரத்தில் மாட்டுங்கள், காரணம் உங்களுக்கே தெரியும்.

ஒட்டி வைக்க ஒரு சீட்டு

1906, 101, ஏஜென்சி எண், உங்கள் நுகர்வோர் எண், ட்யூப் மாற்ற வேண்டிய ஆண்டு. இவற்றைப் பெரிய எழுத்தில் எழுதி ஒட்டுங்கள். மொபைலில் இருக்கிறதே என்று பிள்ளைகள் சொல்வார்கள். மொபைலோடு அவர்கள் கல்லூரிக்குப் போயிருக்கும்போதுதான் பாட்டிக்கு அது தேவைப்படும். ஒட்டும் இடம் அடுப்படி அலமாரிக் கதவு அல்ல. நாற்றம் அடிக்கும் நேரத்தில் அங்கே நின்று எண் தேடக்கூடாது. வாசலுக்கு வெளியே, செருப்பு விடும் இடத்துக்கு மேலே ஒட்டுங்கள்.